நடிகை தயாரிப்பாளராகும்போது

அன்பின் ஐயாவுக்கு,

நான் பல்கலைக்கழகத்தில் நாடகமும் அரங்கியலும் படித்துவிட்டு, இப்போது தென்மராட்சியில் ஒரு பாடசாலையில் கற்பித்து வருகிறேன். விடுமுறை நாட்களில் யாழ்ப்பாணத்தில் எடுக்கப்படும் குறும்படங்களில் நடிக்கிறேன். எனக்குக் கிடைக்கும் பாத்திரங்கள் பெரும்பாலும் இரண்டே வகைதான்: காணாமற் போனவரைத் தேடி அழும் பெண், அல்லது வெளிநாட்டு மாப்பிள்ளைக்காகக் காத்திருக்கும் பெண். அண்மையில் அசாமிய இயக்குநர் ரீமா தாஸின் நேர்காணல் ஒன்றைப் பார்த்தேன். நடிகையாகும் ஆசையில் மும்பை சென்றவர், பிறகு தன் ஊருக்கே திரும்பித் தனியாளாகப் படமெடுத்தார் என்று அறிந்தபோது எனக்கும் துணிவு வந்தது. ஆனால் நண்பர்களோ, அது இந்தியாவில் நடக்கும், இங்கே நடக்காது என்கிறார்கள்; முதலில் சென்னைக்குப் போய்ப் பெயரெடுத்துக்கொண்டு வா என்கிறார்கள். நடிப்பில் இடம் கிடைக்காதவர்கள்தான் இயக்க வருகிறார்கள் என்று ஒருவர் முகத்துக்கு நேரேயே சொன்னார். கனடாவில் இருக்கும் மாமா கொஞ்சம் காசு தருவதாகச் சொல்லியிருக்கிறார். உங்கள் கருத்தை எழுதுவீர்களா?

— ஒரு வாசகி, சாவகச்சேரி

அன்பின் சகோதரிக்கு,

உங்கள் முகத்துக்கு நேரே அப்படிச் சொன்னவர் சினிமா வரலாற்றைப் புரட்டிப் பார்த்தவராகத் தெரியவில்லை. தமிழின் முதற் பேசும்படமான ‘காளிதாஸ்’ 1931இல் வெளிவந்தபோது அதன் கதாநாயகியாக இருந்த ரி. பி. ராஜலக்ஷ்மி, ஐந்தே ஆண்டுகளில், தாம் எழுதிய நாவலைத் தாமே தயாரித்து, இயக்கி, நடித்து ‘மிஸ் கமலா’ என்ற படமாக வெளியிட்டார். பானுமதி 1953இல் ‘சண்டிராணி’யை மூன்று மொழிகளில் இயக்கியபோதும், சாவித்திரி 1968இல் தெலுங்கில் இயக்கத் தொடங்கியபோதும், நம் நாட்டில் மாலினி பொன்சேகா 1984இல் ‘சசர சேதனா’வை இயக்கியபோதும், அவர்களுக்கு நடிக்க இடமில்லாமற் போயிருக்கவில்லை, பிறர் எழுதிக் கொடுத்த பெண்ணாகவே எத்தனை காலம் நிற்பது என்ற சலிப்பு அவர்களுக்கும் இருந்திருக்கலாம். உங்கள் கடிதத்தின் இரண்டு வகைப் பாத்திரங்களைப் பற்றிய வரியில் அந்தச் சலிப்பின் சாயல் தெரிகிறது.

ஆயினும் ரீமா தாஸை அந்த வரிசையில் அப்படியே கொண்டுபோய் நிறுத்துவதில் எனக்குத் தயக்கம் உண்டு. மேற்சொன்ன நால்வருக்கும் கடன் கொடுக்க ஆட்கள் இருந்தார்கள், ஏனெனில் அவர்களுடைய முகத்துக்குச் சந்தையில் ஒரு விலை இருந்தது. ரீமாவுக்கு அது இருக்கவில்லை. அசாமின் காமரூப மாவட்டத்தில், சாய்காவ்ன் பக்கத்துக் கிராமமொன்றில் பிறந்து, சமூகவியலில் முதுகலை முடித்து, 2003 அளவில் மும்பை சென்ற அவர், பிரேம்சந்தின் ‘கோதான்’ நாவலின் மேடை வடிவத்திலும் வேறு நாடகங்களிலும் நடித்தார். பேசும் இந்தியில் ஊர்வாசம் இருந்ததால் படவாய்ப்புகள் எளிதில் அமையவில்லை. அந்தக் காத்திருப்புக் காலத்திற்றான் சத்யஜித் ராயையும் பேர்க்மனையும் மஜீத் மஜீதியையும் பார்த்துப் படமெடுக்கும் ஆசை கொண்டார். திரைப்படக் கல்லூரி எதிலும் அவர் படிக்கவில்லை. 2009இல் ஒரு குறும்படம். 2016இல், தொலைநோக்கி ஒன்று கைக்கு வந்த முதியவரைப் பற்றிய முதல் முழுநீளப் படம். அந்தப் படத்துக்கான வேலைகளில் இருந்தபோதுதான், ஊர் நிகழ்வொன்றில் சில சிறுவர்கள் ரெஜிபோமில் (இந்தியாவில் தெர்மோகோல் என்பார்கள்) வெட்டிய வாத்தியங்களை வைத்துக்கொண்டு இசைக்குழுவாகப் பாவனை செய்வதைக் கண்டார். அதிலிருந்து பிறந்ததுதான் ‘வில்லேஜ் ராக்ஸ்டார்ஸ்’.

கிற்றார் ஒன்று வேண்டுமென்று ஆசைப்படும் சிறுமியையும் அவளுடைய விதவைத் தாயையும் பற்றிய அந்தப் படத்தை முடிக்க அவருக்கு ஏறத்தாழ நான்கு ஆண்டுகள் ஆயின. எழுத்து, இயக்கம், ஒளிப்பதிவு, படத்தொகுப்பு, தயாரிப்பு எல்லாம் அவரே. கமரா, நம்மூர்க் கலியாணவீடுகளில் எல்லோரும் கண்டிருக்கும் கனன் 5டி வகையைச் சேர்ந்தது. நடித்தவர்கள் ஊர்ப் பிள்ளைகள், பேசியது காமரூப வட்டார வழக்கு. 2017இல் ரொரன்ரோ விழாவில் முதலில் திரையிடப்பட்டு, அடுத்த ஆண்டு இந்தியாவின் சிறந்த திரைப்படத்துக்கான தேசிய விருதைப் பெற்றது. அசாமிய இயக்குநர் ஜானு பருவாவின் படத்துக்குப் பிறகு ஏறத்தாழ முப்பது ஆண்டுகள் கழித்து ஓர் அசாமியப் படம் அந்த விருதைப் பெற்றது அப்போதுதான். பின்னர் ஒஸ்கருக்கு இந்தியாவின் தெரிவாகவும் அது அனுப்பப்பட்டது.

இந்தக் கதையைச் சொல்பவர்கள் எல்லோரும் ‘நடிகை இயக்குநரானார்’ என்பதோடு நிறுத்திக்கொள்கிறார்கள். என்னுடைய அபிப்பிராயம், அவர் முதலில் தயாரிப்பாளரானார், அதனால் இயக்குநராக முடிந்தது என்பதாகும். தயாரிப்பாளர் என்றவுடன் நமக்குக் காசுக்காரர் ஒருவரின் முகம் நினைவுக்கு வருகிறது. உண்மையில் தயாரிப்பாளரின் கையில் இருக்கும் பெரிய அதிகாரம் நாட்காட்டியின் மீதான அதிகாரமே. வாடகைக் கமராவும் நாட்கூலிக் குழுவும் இருந்திருந்தால் ரீமாவால் உண்மையான வெள்ளம் வயலுக்குள் ஏறும்வரை காத்திருந்திருக்க முடியாது. அந்தப் பிள்ளைகள் கமராவை மறந்துபோகும்வரை காத்திருந்திருக்கவும் முடியாது. படத்தில் நாம் வியக்கும் இயல்புத்தன்மைக்குக் கலைத்திறன் ஒரு காரணம் என்றால், கமரா சொந்தமாக இருந்ததும் வாடகை ஏறாததும் இன்னொரு காரணம்.

இதை நம்முடைய நிலைமையோடு வைத்துப் பாருங்கள். இங்கே குறும்படம் என்றால் போயா விடுமுறையோடு சேர்ந்த இரண்டு மூன்று நாட்கள். கலியாணவீட்டுக்கும் சாமத்தியவீட்டுக்கும் போகும் கமராக்காரத் தம்பி ஓய்வாக இருக்கும் நாளே நமக்குப் படப்பிடிப்பு நாள். நடிகைக்குக் கதை சொல்லப்படுவது பெரும்பாலும் அன்று காலையில்தான். அவ்வளவு அவசரத்தில் அவர் அழுவதைத் தவிர வேறு என்ன செய்ய முடியும்? உங்களுக்கு வரும் பாத்திரங்கள் ஒரே மாதிரி இருப்பதற்கு எழுதுபவர்களின் கற்பனை வறுமை மட்டும் காரணமன்று. இரண்டு நாளில் எடுத்து முடிக்கக்கூடிய பெண் இவ்வளவுதான். (மிச்ச நேரத்தைப் பனைமரங்களுக்கு மேலால் பறக்கும் ட்ரோன் எடுத்துக்கொள்கிறது.)

இன்னொன்றையும் சொல்ல வேண்டும். ‘தனியாளாக எடுத்த படம்’ என்ற பேச்சு விளம்பரத்துக்கு அழகாக இருக்கிறதே தவிர, முழுவதும் சரியன்று. அந்தப் படத்துக்குக் கிடைத்த தேசிய விருதுகள் நான்கு. அவற்றில் படத்தொகுப்பு விருது ரீமாவுக்கும், குழந்தை நட்சத்திர விருது, கிற்றாருக்கு ஆசைப்படும் சிறுமி தூனுவாக நடித்த பனிதா தாஸுக்கும், படப்பிடிப்புத் தள ஒலிப்பதிவுக்கான விருது, ரீமாவின் உறவுக்காரப் பெண்ணான மல்லிகா தாஸுக்கும் கிடைத்தன. மல்லிகா இந்தத் தொழிலைப் பயின்றவரல்லர். மைக்கைப் பிடித்துக்கொண்டு உடன் நின்று பழகியவர். பிள்ளைகளை நான்கு வருடம் விட்டுக்கொடுத்த பெற்றோரும், சமைத்துப் போட்ட வீட்டுக்காரரும் எந்த விருதுப் பட்டியலிலும் இல்லை. சம்பளமில்லாத இந்த உழைப்பைக் கணக்கில் எழுதாமல், இவ்வளவு சிறு செலவில் படமெடுத்தார் என்று மெச்சுவது எனக்கு உவப்பானதன்று.

படத்தைப் பற்றியும் ஒரு வார்த்தை. அந்தி வானத்துக்கு எதிரே பிள்ளைகள் நிழலுருவாக ஓடும் காட்சிகள் ஓரிரண்டு குறைந்திருக்கலாம் என்பது என் எண்ணம். ஒழுக்கக் காவலர்களாகத் தம்மை நியமித்துக்கொண்டவர்களிடம் சிக்கும் பதின்ம வயதினரைப் பற்றி அடுத்து வந்த ‘புல்புல் கேன் சிங்’தான் என் பார்வையில் அவருடைய வலிமையான படைப்பு. பேர்லின் விழாவின் இளையோர் பிரிவில் 2019இல் சிறப்புக் குறிப்பைப் பெற்ற அந்தப் படத்தை நீங்கள் அவசியம் தேடிப் பார்க்க வேண்டும், ஏனென்றால் உங்கள் மாணவிகளில் பலருக்கு அந்தக் கதை அந்நியமாகத் தோன்றாது.

இந்தியாவில் நடக்கும், இங்கே நடக்காது என்று உங்கள் நண்பர்கள் சொல்வதில் பாதி உண்மை இருக்கிறது. அசாமியப் படத்துக்குத் தேசிய விருது என்றொரு ஏணி இருக்கிறது. வங்காளப் படங்களும் இந்திப் படங்களும் சந்தையை நிறைத்தாலும் அந்த ஏணியில் ஏறி நாடு முழுவதற்கும் தெரியவர முடிகிறது. இலங்கைத் தமிழ்ப் படத்துக்கு அப்படியொரு வழி உறுதியாக அமையவே இல்லை. சிங்கள இயக்குநர் தர்மசேன பத்திராஜ யாழ்ப்பாணத்தில் எடுத்த ‘பொன்மணி’ 1977இல் வந்தது. காவலூர் இராஜதுரை எழுதிய அந்தப் படத்தை இன்று ஆய்வாளர்கள் கொண்டாடுகிறார்கள். அன்று நம்மவர்கள் எம்.ஜி.ஆர். படத்துக்கும் சிவாஜி படத்துக்கும்தான் வரிசையில் நின்றார்கள். இன்றும் திரையரங்கை நம்பி இங்கே கணக்குப் போட முடியாது. ஆனால் 2015 முதல் யாழ்ப்பாணச் சர்வதேசத் திரைப்பட விழா நடந்து வருகிறது. வேறு நாட்டு விழாக்களுக்கு இணையத்தின் வழியாகவே படத்தை அனுப்பவும் முடிகிறது. அசாமிலும் ரீமாவுக்கு வழியைத் திறந்துவிட்டது உள்ளூர்த் திரையரங்கன்று.

அசாம் பெண்களுக்கு இலகுவான இடமாக இருந்தது என்றும் எண்ணிவிட வேண்டாம். 1935இல் வெளிவந்த முதல் அசாமியப் படமான ‘ஜோய்மதி’யில் நாயகியாக நடித்த ஐதேவ் ஹந்திக், திரையில் அந்நிய ஆடவன் ஒருவனைக் கணவன் என்று அழைத்த குற்றத்துக்காக ஊரால் ஒதுக்கிவைக்கப்பட்டார். அவரை மணக்க எவரும் முன்வரவில்லை. தனித்தே வாழ்ந்து 2002இல் காலமானார். அதற்கு அடுத்த வருடமளவில்தான் ரீமா நடிகையாகும் ஆசையோடு மும்பை சென்றார். ஊர் வாய்க்குப் பயந்து உங்கள் வீட்டில் யாரேனும் தயங்கினால், அந்தப் பயத்தைப் பகிடியாக எடுக்காதீர்கள். படப்பிடிப்பு உங்கள் வீட்டு முற்றத்திலேயே நடக்குமென்றால் அவர்களுடைய தயக்கம் பெருமளவு குறையக்கூடும்.

சென்னைக்குப் போவது பற்றிக் கேட்கிறீர்கள். நடிப்பைக் கற்க, நல்ல குழுவொன்று வேலை செய்வதைப் பார்க்கப் போவதானால் போய்வரலாம். பெயரெடுத்துக்கொண்டு வருவதற்கென்றால், அங்கே உங்களுக்குக் காத்திருப்பது இங்கே கிடைக்கும் அதே அழும் பெண்தான். நம்முடைய பேச்சைச் சரியாகப் பேசத் தெரிந்தவர் என்பதற்காகக் கூடுதலாக ஒரு நாள் அழைப்பார்கள். உங்களிடம் ஆசிரியச் சம்பளம் இருக்கிறது, வருடத்தில் மூன்று தவணை விடுமுறைகள் இருக்கின்றன. சித்திரை வெயிலும், ஆவணியில் வயல் காய்ந்து கிடப்பதும், மார்கழி வெள்ளமும் அந்த விடுமுறைகளுக்குள்ளேயே வந்துபோகின்றன. இரண்டு வருடத்துக்கு ஒரு கதையை இந்த மூன்று காலங்களுக்கும் பகிர்ந்து எழுதினால், முழுநேரத் தயாரிப்பாளர் பலருக்கும் வாய்க்காத நாட்காட்டி உங்களுக்கு வாய்க்கும். பாடசாலைப் பிள்ளைகளை நடிக்க வைப்பதானால் பெற்றோரின் சம்மதத்தை எழுத்தில் பெற்றுக்கொள்ளுங்கள். அதிபருக்கும் முன்கூட்டியே தெரிவியுங்கள்.

மாமாவின் காசைப் பற்றி மட்டும் சற்றுக் கண்டிப்பாகச் சொல்கிறேன். அது அன்பளிப்பா, கடனா, பங்கா என்பதை முதல் நாளே எழுதிக் கையெழுத்திட்டுக்கொள்ளுங்கள். படத்தின் உரிமை உங்கள் பெயரில் இருக்கட்டும். சாவித்திரி தாமே தயாரித்து இயக்கிய ‘பிராப்தம்’ 1971இல் அவருக்குத் தந்த நட்டம் எவ்வளவு தூரம் அவரை அடித்துப்போட்டது என்பதைப் பலரும் அறிவர். ஆகவே வீட்டையோ காணியையோ ஈடுவைக்கும் எண்ணம் ஒருபோதும் வேண்டாம். கிடைக்கும் காசில் கமராவை இரண்டாவதாக வாங்கலாம். நம்மூர்ப் படங்கள் வெளியூர் விழாக்களில் தோற்பது படத்தாலன்று, சத்தத்தால். காற்றும் ஜெனரேற்றரும் வசனத்தை விழுங்கிவிடுகின்றன. முதலில் நல்லதொரு ஒலிப்பதிவுக் கருவியும் இரண்டு மைக்கும் வாங்குங்கள். அதைப் பிடித்துக்கொண்டு நாள் முழுக்க வெயிலில் நிற்கப் பொறுமையுள்ள ஒரு மச்சாளையும் இப்போதே பழக்கத் தொடங்குங்கள்.