கடனுக்கு முன்னால் ஒரு பாடநூல்

"டேட்டா சயின்ஸ்ல சேர்க்கலைன்னா பிள்ளை பின்தங்கிடுவான்னு அவ சித்தப்பா சொல்றார், மேடம்" என்றீர்கள். பதறாதீர்கள் என்றுதான் பேச்சைத் தொடங்கினேன். கடன் வாங்கியாவது கட்டிவிடுகிறோம் என்றதும் சமாதானம் சொல்வதை நிறுத்திவிட்டேன். இந்தப் படிப்புக்கு இப்போது கடன் வாங்கக் கூடாது.

உங்கள் மகள் அன்று ஒரே ஒரு முறைதான் வாய் திறந்தாள். பள்ளிப் பேருந்து தினமும் எத்தனை நிமிடம் தாமதம் என்று நோட்டில் குறித்துவருகிறாளாம். உருப்படியான தகவல் அதுதான்.

டேட்டா சயின்ஸுக்கு அடித்தளம் புள்ளியியல்தான். அவளுக்கு ஓர் அறிமுகப் புள்ளியியல் பாடநூல் கொடுங்கள். நூலகத்துப் பழைய பதிப்பே போதும். கணித மேதைகள் பாஸ்கலும் ஃபெர்மாவும் 1654இல் கடிதங்களில் அலசிய சூதாட்டப் பந்தயக் கணக்கின் தர்க்கம் இன்றும் மாறவில்லை.

முதல் அத்தியாயத்துக்கு அவள் நோட்டே உதாரணம். ஒன்பது நாள் 2 நிமிடத் தாமதம், ஒரு நாள் 42 நிமிடம் என்றால் சராசரி 6, இடைநிலை அளவு (வரிசைப்படுத்தினால் நடுவில் வரும் எண்) 2. எந்த எண் உண்மையைச் சொல்கிறது? இதில் அவள் ஒரு மாலை முழுக்க மூழ்கட்டும். எண்கள் சராசரியிலிருந்து எவ்வளவு சிதறியிருக்கின்றன என்று காட்டும் திட்ட விலக்கத்தை முதல் முறை கையால் போடட்டும், கால்குலேட்டர் பிறகு.

ஒன்று நடந்தது தெரிந்தபின் மற்றொன்றுக்கான வாய்ப்பு எவ்வளவு என்று கேட்கும் நிபந்தனை நிகழ்தகவில் பலர் தடுக்கி விழுகிறார்கள். அங்கே நிதானம் வேண்டும். 1000 பேரில் 10 பேருக்கு நோய். பரிசோதனை அவர்களில் 9 பேரைக் கண்டுபிடிக்கிறது. நோயில்லாத 990 பேரில் 99 பேருக்கும் தவறாக 'உண்டு' என்கிறது. ஆக, 'உண்டு' என்று வந்த 108 பேரில் நோயாளிகள் 9 பேர்தான், பன்னிரண்டில் ஒருவர். சூத்திரத்தை மனப்பாடம் செய்தவர்களைவிட இந்த எண்களைத் தாளில் கட்டம் போட்டு எழுதியவர்களுக்குத்தான் இது தெளிகிறது. விடைப் பக்கத்தை முதலில் புரட்ட வேண்டாம் என்று சொல்லுங்கள்.

மாதிரியெடுத்தல் (சிலரை வைத்து மொத்தத்தை அறிவது), கருதுகோள் சோதனை (ஓர் ஊகத்தைத் தரவு ஆதரிக்கிறதா என்று பார்ப்பது) வரை மூன்று மாதம் ஆகலாம். அதற்குப் பிறகும் ஆசை நிலைத்திருந்தால், வெறும் 'புள்ளியியல்' என்ற இளநிலைப் பட்டத்தைப் பாருங்கள். உறவினர்களுக்கு அந்தப் பெயர் எடுப்பாகத் தெரியாது. ஆனால் புது மருந்தைச் சோதிக்கவும், காப்பீட்டுப் பிரீமியம் கணிக்கவும், ஆலையில் தரம் பார்க்கவும் அந்தப் படிப்புதான் வேண்டும். சலித்துவிட்டால் போனது மூன்று மாதம். தலையில் கடன் இருக்காது.

சித்தப்பாவிடம் நான் பேசுகிறேன். நீங்கள் இன்று இரவு அந்த நோட்டைக் கேட்டு வாங்கிப் பாருங்கள். வீட்டில் யாருமே அதைத் திறந்ததில்லை என்று வாசலில் நின்று அவள் என்னிடம் சொன்னாள்.