நகரப் போக்குவரத்துத் திட்டமிடலில் ஆராய்ச்சி செய்ய என்ன இருக்கிறது?

கேள்வி: நகரப் போக்குவரத்துத் திட்டமிடல் படிக்கலாமா என்று யோசிக்கிறேன். நெரிசல் எங்கே இருக்கிறதோ அங்கே ஒரு பாலம் கட்டினால் போதுமே, இதில் ஆராய்ச்சி செய்ய என்ன இருக்கிறது?

பதில்:

பயணக் கணக்கெடுப்பு வேலையில் இருப்பவன் நான். பாலம் எங்கே வேண்டும் என்பது எங்களுக்குக் கடைசியில் வரும் கேள்வி. யார், எங்கிருந்து எங்கே, எதற்காக, எப்படிப் போகிறார்கள் என்பதுதான் முதல் கேள்வி. அதற்குச் சரியான பதிலைக் கண்டுபிடிப்பது நீங்கள் நினைப்பதைவிடப் பல மடங்கு கடினம்.

முதலில் பாலத்தைப் பற்றிச் சொல்லிவிடுகிறேன். சாலையில் இடம் கூடினால், அதுவரை வேறு வழியில், வேறு நேரத்தில், வேறு வண்டியில் போனவர்களும், நெரிசலுக்குப் பயந்து வீட்டிலேயே இருந்தவர்களும் அந்தச் சாலைக்கு வருவார்கள். பிரிட்டனில் அரசுக்கு ஆலோசனை சொல்லும் நிபுணர் குழு ஒன்று 1994-ல் இதை அறிக்கையாகவே எழுதிக் கொடுத்தது. அதற்கு முன்பு அங்கே பெரும்பாலான சாலைத் திட்டங்களின் கணக்கில், சாலை வந்தாலும் வராவிட்டாலும் மொத்தப் பயணம் அதேதான் என்று வைத்துக்கொண்டார்கள். கணக்கின் அடியில் கிடந்த அந்த ஓர் அனுமானம், புதுச் சாலையின் லாபத்தை உள்ளதைவிடப் பெரிதாகக் காட்டிவிடும்.

சரி, கணக்கு எப்படிப் போடுகிறார்கள்? 1950களில் டெட்ராய்ட், சிகாகோ நகரங்களின் ஆய்வுகளில் உருவான நான்கு படி முறையைத்தான் இன்றும் பல நகரங்கள் பின்பற்றுகின்றன. ஒவ்வொரு பகுதியிலிருந்தும் எத்தனை பயணங்கள் கிளம்பும், அவை எங்கே போகும், எந்த வாகனத்தில் போகும், எந்தச் சாலை வழியாகப் போகும் என்று வரிசையாகக் கணிப்பார்கள். நான்குக்கும் அடித்தளம் வீடு வீடாக எடுக்கும் கணக்கெடுப்பு. அதில் விட்டுப்போனது பிறகு எந்தப் படியிலும் வந்து சேராது.

என் மனதை அதிகம் உறுத்துவதும் இந்த இடம்தான். கதவைத் தட்டினால் பெரும்பாலும் ஒருவர்தான் வீட்டில் எல்லோருக்காகவும் பதில் சொல்வார். "அவங்க எங்கேயும் போகலைங்க, வீட்லதான் இருந்தாங்க" என்பார். அந்த "அவங்க"ளிடமே கேட்டுப் பாருங்கள். காலையில் பிள்ளையைப் பள்ளியில் விட்டுவிட்டு, வரும் வழியில் காய்கறி வாங்கி, மாமியாருக்கு மருந்து வாங்கிக் கொடுத்துவிட்டு, மாலையில் மறுபடியும் பள்ளிக்குப் போயிருப்பார். எல்லாம் நடந்தே. வீட்டிலிருந்து வேலைக்குப் போய்த் திரும்பும் ஒரே பயணத்தை மனதில் வைத்துத் தயாரித்த படிவத்தில் இதை எழுத இடமே இருக்காது. பிறரைப் பராமரிப்பதற்காகச் செய்யும் இந்தப் பயணங்களைத் தனி வகையாக எண்ண வேண்டும் என்று ஸ்பெயின் ஆராய்ச்சியாளர் இனேஸ் சான்செஸ் தெ மதரியாகா வலியுறுத்தி வருகிறார். எண்ணாதவரை அவை பொருள் வாங்குதல், சொந்த வேலை, மற்றவை என்று சிதறிப்போய்ச் சில்லறையாகத் தெரியும். சில்லறையாகத் தெரிவதற்கு நிதி ஒதுக்கும்போது யாரும் முன்னுரிமை கொடுப்பதில்லை.

இப்போது கைபேசித் தரவு இருக்கிறதே என்பீர்கள். உதவும்தான். ஆனால் ஒரே கைபேசிக் கோபுரத்தின் எல்லைக்குள் நடந்து முடியும் பயணம் அதில் தெரியாது. கைபேசி வைத்திருக்காத பாட்டியும் பள்ளிப் பிள்ளையும் அதில் இல்லவே இல்லை. எத்தனை கோடிப் பதிவுகள் இருந்தாலும், பழைய படிவத்தில் விட்டுப்போன அதே ஆட்கள் இதிலும் விட்டுப்போகிறார்கள்.

சிக்னலும் அப்படித்தான். சாலையை நடந்து கடப்பவர் வினாடிக்கு 1.2 மீட்டர் போவார் என்று வைத்து நேரம் ஒதுக்குவது வெகுகால வழக்கம். 20 மீட்டர் சாலைக்கு ஏறக்குறைய 17 வினாடி. வினாடிக்கு 0.8 மீட்டர் நடக்கும் முதியவருக்கோ 25 வினாடி வேண்டும். சாலைச் சிக்னல்களுக்கான அமெரிக்காவின் தேசியக் கையேடு 2009-ல்தான் இந்த வேகத்தை ஏறக்குறைய 1.07 மீட்டராகக் குறைத்தது. இப்படி ஓர் எண்ணைத் திருத்த வைப்பதும் ஆராய்ச்சிதான். எனக்கு மிகவும் மரியாதை உள்ள வகை ஆராய்ச்சி அது.

அப்புறம், நம்பிக்கை தரும் ஒரு கதையும் சொல்ல வேண்டும். சான் பிரான்சிஸ்கோ வட்டாரத்தில் 1972-ல் பார்ட் என்ற நகர ரயில் ஓடத் தொடங்கியது. அந்தப் பகுதியில் வேலைக்குப் போகிறவர்களில் 15 சதவீதம் பேர் அதில் வருவார்கள் என்பது அதிகாரபூர்வக் கணிப்பு. பொருளாதார அறிஞர் டேனியல் மெக்ஃபேடன் குழுவினர், தனி மனிதர் எதை எதோடு ஒப்பிட்டு முடிவெடுக்கிறார் என்று ஆராய்ந்து 6.3 சதவீதம் என்றார்கள். வந்தது 6.2. மனிதர்கள் தேர்ந்தெடுக்கும் விதத்தைக் கணிக்கும் இந்த முறைகளுக்காக அவருக்கு 2000-ல் நோபல் பரிசு கிடைத்தது.

இந்த வகை ஆய்வுகளிலிருந்து கிடைத்த ஒன்று அன்றாடத் திட்டமிடலில் மிகவும் பயன்படுகிறது. காத்திருக்கும் ஒரு நிமிடம், வண்டிக்குள் உட்கார்ந்திருக்கும் ஒரு நிமிடத்தைவிட ஏறக்குறைய இரண்டு மடங்கு கனமாகத் தெரிகிறது. 20 நிமிடத்துக்கு ஒரு பேருந்து வரும் தடத்தில் 10 நிமிடத்துக்கு ஒன்று விட்டால் சராசரிக் காத்திருப்பு 5 நிமிடம் குறையும். பயணிக்கு அது பயணத்தில் 10 நிமிடம் மிச்சமானதற்குச் சமம். மேம்பாலம் கட்டி அந்த 10 நிமிடத்தை மிச்சப்படுத்த எவ்வளவு செலவாகும் என்று ஒப்பிட்டுப் பாருங்கள்.

ஆகவே, தாராளமாகப் படியுங்கள். புள்ளியியலை நன்றாகக் கற்றுக்கொள்ளுங்கள், கொஞ்சம் நிரல் எழுதவும் வேண்டும். கணிப்பு மாதிரிகளைக் கட்டத் தொடங்குவதற்கு முன்பே ஒரு கணக்கெடுப்பில் களத்துக்குப் போய் வாருங்கள். எந்தத் திட்ட அறிக்கை கையில் கிடைத்தாலும் பின்னிணைப்பில் உள்ள வினாப்படிவத்தை முதலில் படியுங்கள். நடந்து போன பயணங்களைக் கேட்டிருக்கிறார்களா, எந்த வயதிலிருந்து கேட்டிருக்கிறார்கள், வீட்டில் ஒவ்வொருவரிடமும் தனித்தனியாகப் பேசினார்களா என்று பாருங்கள். இந்த மூன்றுக்கும் பதில் தெரிந்தால், அந்த அறிக்கை எதைப் பரிந்துரைக்கப்போகிறது என்பதைப் பெரும்பாலும் நீங்களே ஊகித்துவிடலாம்.