மாற்றிய லோயர் ஆர்ம் மறுபடியும் சத்தம் போடுவது ஏன்? வாசகர் கேள்விகளும் பதில்களும்

முன்சக்கரத்தையும் வண்டியின் அடிச்சட்டத்தையும் இணைக்கும் லோயர் ஆர்ம் குறித்து நான்கு வாசகர்கள் எழுதியிருக்கிறார்கள். முதல் கடிதத்தில் உள்ள சிக்கலைப் பட்டறைகளில் அடிக்கடி பார்க்கிறேன் என்பதால், அதற்கு மட்டும் சற்று விரிவாகவே பதில் சொல்கிறேன்.

கேள்வி: ஐயா, என்னிடம் 2009ஆம் ஆண்டு மாருதி ஸ்விஃப்ட் டீசல் கார் உள்ளது. 1,40,000 கிலோமீட்டர் ஓடியிருக்கிறது. பதிவைப் புதுப்பித்துவிட்டேன், இன்னும் சில ஆண்டுகள் இதையே ஓட்டுவதாக இருக்கிறேன். சென்ற ஆண்டு இருபுறமும் லோயர் ஆர்ம் மாற்றினேன். பதினான்கு மாதங்கள்கூட ஆகவில்லை, வேகத்தடையில் இறங்கும்போதும் பிரேக்கை மிதிக்கும்போதும் இடது முன்பக்கத்தில் பழையபடி ‘கடக்’ என்று சத்தம் கேட்கிறது. டூப்ளிகேட் போட்டதால் வந்த வினை, ஒரிஜினல் வாங்குங்கள் என்கிறார்கள். ஒரிஜினல்தான் வாங்க வேண்டுமா? அதிலுள்ள ரப்பர் புஷ் மட்டும் மாற்றினால் போதாதா? (வாசகர், கோவில்பட்டி)

பதில்: புதிய ஆர்ம் வாங்குவதற்கு முன், சத்தம் அங்கிருந்துதான் வருகிறதா என்று உறுதி செய்துகொள்ளுங்கள். திருப்பத்தில் கார் சாயாமல் தாங்கும் ஸ்டெபிலைசர் பாரின் லிங்க் ராடு தேய்ந்திருந்தாலும், ஸ்பிரிங்கும் ஷாக் அப்சார்பரும் சேர்ந்த ஸ்ட்ரட்டின் தலையில் உள்ள ரப்பர் மவுண்ட் தளர்ந்திருந்தாலும், குழியில் இறங்கும்போது ஏறக்குறைய இதே சத்தந்தான் கேட்கும். ஆனால் சமமான சாலையில் பிரேக்கை மிதிக்கும்போது ஒருமுறை ‘கடக்’ என்று கேட்டு, காலை எடுத்ததும் மறுமுறை கேட்டால், சந்தேகம் ஆர்மின் பின்முனையில் உள்ள புஷ்ஷின் மீதே விழ வேண்டும். உங்கள் காரில் இருப்பது ‘எல்’ எழுத்து வடிவிலான ஆர்ம். அதன் ஒரு முனையில், சக்கரத்தோடு சேரும் உருண்டை இணைப்பான பால் ஜாயின்ட்டும், அடிச்சட்டத்தோடு சேரும் மற்ற இரு முனைகளில் முன்புஷ், பின்புஷ் என ரப்பர் புஷ்களும் உள்ளன. திருப்பத்தில் சக்கரம் பக்கவாட்டில் தள்ளும் விசையை முன்புஷ் பெரும்பாலும் ஏற்கிறது. பிரேக் பிடிக்கும்போது சக்கரத்தைப் பின்னுக்கு இழுக்கும் விசையைப் பின்புஷ் வாங்கிக்கொள்கிறது. அதனால்தான் அது உருவத்திலும் பெரிதாக இருக்கிறது, நம் ஊர்ச் சாலைகளில் முதலில் கிழிவதும் அதுவாக இருக்கிறது.

இதைக் கண்ணாலேயே பார்த்துவிடலாம். காரின் அடியைப் பார்க்க உதவும் பள்ளமான பிட் வசதியுள்ள பட்டறையில் காரை நிறுத்தி, அனுபவமுள்ள ஒருவர் காருக்குள் அமர்ந்து பிரேக்கை அழுத்திப் பிடித்தபடி, முதல் கியரிலும் ரிவர்ஸிலும் மாறி மாறி கிளட்சைச் சற்றே விட்டுப் பிடிக்க, நீங்கள் பிட்டின் பக்கத்தில் பாதுகாப்பாக நின்று டார்ச் வெளிச்சத்தில் பின்புஷ்ஷைப் பாருங்கள். நல்ல புஷ் மெல்ல நெகிழ்ந்து திரும்பும். கிழிந்த புஷ்ஷில் நடுக்குழாய் ஒரு பக்கமாகச் சரிந்து, ரப்பர் வாய் பிளந்து மூடுவது தெளிவாகத் தெரியும். மேற்பரப்பில் மெல்லிய வெடிப்புகள் இருப்பதை மட்டும் வைத்துப் புஷ் போய்விட்டது என்று யாராவது சொன்னால் ஏற்க வேண்டாம். வயதான ரப்பருக்கு அது இயல்பு. உலோகத்தை விட்டு ரப்பர் பிரிந்திருக்கிறதா, கிழிசல் உள்வரை போயிருக்கிறதா என்பவையே கவனிக்க வேண்டியவை.

இனி, பதினான்கு மாதங்களில் ஏன் போனது என்பதைப் பார்ப்போம். பொருள் மட்டமானதாக இருந்திருக்கலாம், அதை நான் மறுக்கவில்லை. ஆயினும் நல்ல நிறுவனத்தின் ஆர்மும் ஓராண்டில் கிழிந்து வந்ததை நான் பலமுறை பார்த்திருக்கிறேன். அவற்றில் பெரும்பாலானவற்றுக்குக் காரணம், சக்கரம் காற்றில் தொங்கிக்கொண்டிருக்கும்போதே புஷ் போல்ட்டை முழுமையாக இறுக்கியதுதான்.

புஷ் ஒன்றைக் கையில் எடுத்துப் பார்த்தால் இது விளங்கும். வெளியே ஓர் இரும்பு வளையம், நடுவில் ஓர் இரும்புக் குழாய், இரண்டுக்கும் இடையில் ரப்பர். அந்த ரப்பர் இரண்டு உலோகங்களோடும் ஒட்டியே வார்க்கப்பட்டிருக்கிறது. போல்ட்டை இறுக்கியவுடன் நடுக்குழாய் அடிச்சட்டத்தோடு அசையாமல் பிணைந்துவிடுகிறது. அதன்பின் ஆர்ம் மேலும் கீழும் போகும்போது எந்த உலோகமும் சுழல்வதில்லை; ரப்பர்தான் முறுக்கேறி முறுக்கிறங்குகிறது. காரை ஜாக்கியில் தூக்கி, ஆர்ம் கீழே தொங்கும் நிலையில் போல்ட்டை இறுக்கினால், அந்தத் தொங்கிய நிலையையே ரப்பர் தன் ஓய்வு நிலையாகக் கொள்கிறது. காரைத் தரையில் இறக்கிய கணத்திலிருந்து, கார் நிற்கும்போதும் ஓடும்போதும் அந்த ரப்பர் ஒரே பக்கமாக முறுக்கப்பட்டபடியே இருக்கிறது. அதன்மேல் ஒவ்வொரு குழியும் மேலும் முறுக்குகிறது. என் மேசையில் அப்படிப் போன புஷ் ஒன்றை வைத்திருக்கிறேன். ரப்பரின் பெரும்பகுதி இன்னும் புதிதுபோல் கறுத்து மினுங்குகிறது. நடுக்குழாயை ஒட்டி மட்டும், பிறை வடிவில், நகத்தை நுழைத்தால் உள்ளே போகும் அளவுக்குக் கிழிந்திருக்கிறது. தேய்ந்து கெட்ட புஷ் இப்படி இருக்காது. போல்ட் படுக்கைவாட்டில் செல்லும் புஷ்களுக்கு இந்தக் கேடு முழு அளவில் பொருந்தும். போல்ட் நெட்டுக்குத்தாக நிற்கும் புஷ்களில் ரப்பர் முறுக்கேறுவது குறைவு.

ஆகவே இந்த முறை வேலை செய்பவரிடம் முன்கூட்டியே பேசிவிடுங்கள். காரைத் தூக்குவதற்கு முன், சமதரையில் நிறுத்தி, முன்சக்கரத்தின் மையத்திலிருந்து நேர்மேலே, சக்கரத்தை மூடும் தகடான ஃபெண்டரின் விளிம்பு வரை டேப்பால் அளந்து குறித்துக்கொள்ள வேண்டும். புதிய ஆர்மைப் பொருத்தும்போது புஷ் போல்ட்டுகளைக் கையிறுக்கமாக மட்டும் விட வேண்டும். பிறகு, பால் ஜாயின்ட்டுக்கு அருகில் ஆர்மின் அடியில் ஜாக்கி வைத்து, முதலில் குறித்த அளவு வரும்வரை உயர்த்தி, அந்த நிலையில், குறித்த அளவு விசையில் இறுக்க உதவும் டார்க் ரெஞ்ச் கொண்டு இறுக்க வேண்டும். கார் ஸ்டாண்டுகளின்மீது உறுதியாக அமர்ந்திருக்க வேண்டும் என்பதையும், ஜாக்கியை மட்டும் நம்பி யாரும் கீழே படுக்கக் கூடாது என்பதையும் சொல்லியாக வேண்டும். இதைவிட எளிய வழியும் உண்டு. சக்கரங்களை மாட்டி, காரைப் பிட்டின் மேல் தன் எடையோடு நிறுத்தி, பானட்டை நான்கைந்து முறை அழுத்தி விட்டு, அதன்பின் கீழிருந்து கடைசி இறுக்கத்தைக் கொடுக்கலாம். கூடுதலாக ஆவது கால் மணி நேரந்தான். வீல் அலைன்மென்ட் இதற்குப் பிறகே செய்யப்பட வேண்டும், முன்னால் செய்தால் வீண்.

எதை வாங்குவது என்ற கேள்விக்கு வருகிறேன். உங்கள் காரைப் பொறுத்தவரை, பால் ஜாயின்ட்டும் இரு புஷ்களும் சேர்ந்த முழு ஆர்மை வாங்குவதே நல்லது என்பது என் கருத்து. புஷ் மட்டும் தனியாகக் கிடைக்கிறது. ஆனால் பழைய புஷ்ஷை எடுக்கவும் புதியதை ஏற்றவும் பிரஸ் இயந்திரம் வேண்டும். சுத்தியலால் அடித்து ஏற்றினால் வளையம் கோணிவிடும். பின்புஷ்ஷின் ரப்பரில் உள்ள இடைவெளிகள் எந்தத் திசையைப் பார்க்க வேண்டும் என்பதும் முக்கியம். திருப்பி ஏற்றினால் பிரேக் பிடிக்கும்போது நெகிழக் கூடாத பக்கம் நெகிழும். பால் ஜாயின்ட் நன்றாக இருந்து, ஆர்ம் வளையாமல், நல்ல பிரஸ்ஸும் பொறுமையான கையும் உள்ள இடம் உங்கள் ஊரில் இருந்தால் மட்டும் புஷ் மாற்றுவதைப் பற்றி யோசியுங்கள்.

முழு ஆர்மில் முதல் தேர்வு மாருதி ஜெனுயின் பார்ட்ஸ் என்ற பெயரில் வருவது. அதற்கு அடுத்ததாக, ஸ்டியரிங், சஸ்பென்ஷன் இணைப்புகளைச் செய்யும் சென்னையின் ரானே போன்ற அறிந்த நிறுவனங்களின் தயாரிப்பு உங்கள் மாடலுக்குக் கிடைக்கிறதா என்று கேளுங்கள். பெயரில்லாத அட்டைப்பெட்டியில், பாக எண்ணும் இல்லாமல், பளபளப்பான பெயின்ட் மட்டும் பூசி வருவதைத் தொட வேண்டாம். அதில் என்னுடைய அச்சம் ரப்பரைப் பற்றியதைவிடப் பால் ஜாயின்ட்டைப் பற்றியது. கடையிலேயே பால் ஜாயின்ட்டின் தண்டைக் கையால் அசைத்துப் பாருங்கள். அது எல்லாத் திசையிலும் ஒரே சீரான இறுக்கத்தோடு நகர வேண்டும். தொளதொளவென ஆடவும் கூடாது, ஓரிடத்தில் சிக்கவும் கூடாது. ஆர்ம்களை இருபுறமும் சேர்த்தே மாற்றுங்கள். சுயபூட்டு நட்டுகளையும், நட்டு கழலாமல் தடுக்கும் காட்டர் பின்னையும் மறுபடி பயன்படுத்தாமல் புதிதாகப் போடச் சொல்லுங்கள்.

இன்னொன்று. வாட்டர் சர்வீஸ் செய்யும் இடங்களில், அடிப்பகுதி பளிச்சென்று தெரிய டீசலையோ பழைய ஆயிலையோ பீய்ச்சி அடிக்கும் வழக்கம் இன்னும் இருக்கிறது. இயற்கை ரப்பர் பெட்ரோலிய எண்ணெயைக் குடித்து உப்பி, இளகி, வலுவிழந்துவிடும். நல்ல ஆர்மை வாங்கி, சரியாக இறுக்கி, கடைசியில் டீசல் குளியலுக்கு அனுப்பாதீர்கள். அங்கே நின்று, வேண்டாம் என்று வாய்விட்டுச் சொல்ல வேண்டும், சொல்லாவிட்டால் அடித்துவிடுவார்கள்.

கேள்வி: 2008 இன்னோவா. ஸ்டியரிங் நெடுஞ்சாலையில் அலைபாய்கிறது. காரை ஜாக்கியில் தூக்கிச் சக்கரத்தை ஆட்டிப் பார்த்த மெக்கானிக், பால் ஜாயின்ட்டில் ஆட்டமே இல்லை என்கிறார். நம்பலாமா? (வாசகர், திருச்சி)

பதில்: ஜாக்கியை எங்கே வைத்தார் என்பதைப் பொறுத்தது. உங்கள் இன்னோவாவின் முன்பக்கத்தில் அப்பர் ஆர்ம், லோயர் ஆர்ம் என இரண்டு உண்டு. சுருள் ஸ்பிரிங் லோயர் ஆர்மின் மேல் அமர்ந்திருக்கிறது. அடிச்சட்டத்தில் ஜாக்கி வைத்துத் தூக்கினால், ஸ்பிரிங் லோயர் ஆர்மைக் கீழே அழுத்திக்கொண்டே இருக்கும். அந்த அழுத்தத்தில் கீழ்ப் பால் ஜாயின்ட் இறுகி நிற்பதால், தேய்மானம் இருந்தாலும் கையில் தெரியாது. லோயர் ஆர்மின் அடியில், சக்கரத்துக்கு எவ்வளவு அருகில் முடியுமோ அவ்வளவு அருகில் ஜாக்கி வைத்துத் தூக்கி, டயருக்கு அடியில் நீண்ட கம்பியை விட்டு நெம்பிப் பார்க்கச் சொல்லுங்கள். ஸ்விஃப்ட் போல ஸ்ட்ரட் உள்ள கார்களில் இது நேர்மாறு: அங்கே ஸ்பிரிங்கின் சுமை பால் ஜாயின்ட்டில் இறங்குவதில்லை, ஆகவே சக்கரத்தைத் தொங்கவிட்டே பார்க்க வேண்டும்.

பால் ஜாயின்ட்டின் ரப்பர் உறை கிழிந்திருந்தால், ஆட்டம் தெரியாவிட்டாலும் காலம் தாழ்த்தாதீர்கள். உள்ளே நீரும் மணலும் புகுந்து, கிரீஸ் வெளியேறி, உலோகம் அரைபடத் தொடங்கியிருக்கும். அது கழன்றுகொண்டால் ஓடும் காரில் சக்கரம் மடிந்துவிடும். புஷ் கிழிந்த காரை நிதானமாக ஓட்டி அடுத்த வாரம் பட்டறைக்குப் போகலாம். பால் ஜாயின்ட் ஆடும் காரில் குடும்பத்தை ஏற்றிக்கொண்டு ஒரு நாள்கூடப் போக வேண்டாம் என்று கேட்டுக்கொள்கிறேன். மேலும், ஆர்மைக் கழற்றும்போது போல்ட்டில் கோடுகள் போட்ட வட்டத் தகடு இருந்தால், அது எந்தக் கோட்டில் நின்றது என்பதைப் பெயின்ட்டால் அடையாளமிடச் சொல்லுங்கள். கேம்பர் எனப்படும் சக்கரத்தின் சாய்வு அந்தத் தகட்டால்தான் திருத்தப்படுகிறது.

கேள்வி: என் தந்தையார் வைத்திருந்த மாருதி 800 காரின் லோயர் ஆர்ம் மிகச் சிறியதாக, ஒரே ஒரு புஷ்ஷோடு இருக்கிறது. பிரேக் பிடித்தால் சக்கரம் பின்னால் நகர்வதுபோல் தோன்றுகிறது. இதுவும் ஆர்மின் கோளாறா? (வாசகர், நாகர்கோவில்)

பதில்: அந்தக் காரில் சக்கரத்தை முன்னும் பின்னும் நகராமல் பிடித்து நிறுத்துவது ஸ்டெபிலைசர் பார்தான். அதன் முனை ஆர்மின் உள்ளே நுழையும் இடத்திலும், அடிச்சட்டத்தோடு சேரும் இடத்திலும் உள்ள புஷ்களை முதலில் மாற்றுங்கள். விலை குறைவு, வேலையும் எளிது.

கேள்வி: கடற்கரைக்கு அருகில் வசிக்கிறேன். லோயர் ஆர்ம் துருப்பிடித்துவிட்டது. என்னுடைய காரின் நிறுவனம் இந்தியாவை விட்டுப் போய்விட்டதால் புதிய ஆர்ம் கிடைக்கவில்லை. சென்னை புதுப்பேட்டையில் பழையது வாங்கலாமா, அல்லது இருப்பதையே வெல்டிங் வைத்துக்கொள்ளலாமா? (வாசகர், தூத்துக்குடி)

பதில்: வெல்டிங் கூடாது. வளைந்ததைச் சூடாக்கி நிமிர்த்துவதும் கூடாது. தகட்டை அழுத்திச் செய்யும் ஆர்ம்களில் உட்குழிவு உண்டு. உப்புக் காற்றும் சேறும் அதனுள் தங்குவதால் துரு உள்ளிருந்து வெளியே வருகிறது. வெளியே தெரியும் துருவைவிட உள்ளே இருப்பது அதிகம் என்றே கொள்ளுங்கள்.

பழைய பாகத்தை வாங்குவதை நான் பொதுவாக ஆதரிப்பதில்லை. விபத்தில் சிக்கிய கார்களும் உடைக்க வருகின்றன. சக்கரத்தில் அடிபட்ட காரில் முதலில் வளைவது இந்த ஆர்ம்தான். ஆனால் ஓப்பல் கோர்சா, டேவூ மாட்டிஸ் போன்ற கார்களை வைத்திருப்பவர்களுக்கு வேறு வழி குறைவு என்பதும் எனக்குத் தெரியும். முதலில் சென்னை ஜெனரல் பேட்டர்ஸ் சாலையில் உள்ள உதிரிபாகக் கடைகளில் பாக எண்ணைச் சொல்லி, பழைய சரக்கில் புதியது எங்காவது இருக்கிறதா என்று விசாரியுங்கள். இல்லாவிட்டால் மட்டும் புதுப்பேட்டைக்குப் போங்கள். போகும்போது உங்கள் பழைய ஆர்ம் நேராக இருந்தால், அதைக் கெட்டி அட்டையின் மேல் வைத்து, மூன்று துளைகளின் மையமும் தெரியும்படி வரைந்து எடுத்துச் செல்லுங்கள். வாங்கப்போகும் ஆர்மை அந்த வரைபடத்தின் மேல் வையுங்கள். துளைகள் ஒன்றோடொன்று பொருந்த வேண்டும். பிறகு ஸ்குரூ டிரைவரின் கைப்பிடியால் அதன் நீளம் முழுவதும் தட்டிப் பாருங்கள். நல்ல தகடு கணீரென்று ஒலிக்கும். அரித்த இடத்தில் ஒலி மழுங்கும். வெல்டிங் ஓரங்களைக் கம்பி பிரஷ்ஷால் தேய்த்து, விரிசல் இருக்கிறதா என்று பகல் வெளிச்சத்தில் பாருங்கள். தேறிய ஆர்மிலும் புஷ், பால் ஜாயின்ட் இரண்டையும் புதிதாகப் போட்ட பிறகே மாட்ட வேண்டும். மாட்டுவதற்கு முன், நீர் வெளியேறும் துளைகளை அடைத்துவிடாமல், உள்ளேயும் வெளியேயும் துருத் தடுப்புப் பூச்சு கொடுங்கள். புஷ் ரப்பரின் மீது மட்டும் அது படாமல் துணி சுற்றிக்கொள்ளுங்கள்.