ஸ்காபரோ ஏன் இன்னும் டவுன்ரவுன் ஆகவில்லை? நகர வளர்ச்சி மையங்கள் பற்றிய கேள்வி பதில்

ஒன்ராறியோவின் நகர வளர்ச்சி மையங்கள் பற்றி வாசகர்கள் அனுப்பிய கேள்விகளுக்கு, நகரத் திட்டமிடலில் பல காலம் வேலை பார்த்த ஒருவர் பதில் சொல்கிறார்.

மார்க்கம் வாசகி: அக்கா, வீடு பார்க்கப் போன இடத்தில் ஏஜென்ற், "இது குரோத் சென்ரர் ஏரியா, யோசிக்காமல் வாங்குங்கோ" என்கிறார். அப்படியென்றால் என்ன? யார் தீர்மானித்தது?

தீர்மானித்தது மாகாண அரசு. 2005இல் அதற்கென ஒரு சட்டம் வந்தது. அடுத்த ஆண்டே நயாகராவிலிருந்து பீற்றர்பரோ வரை, ரொறன்ரோவை நடுவில் வைத்து, ஒரே வளர்ச்சித் திட்டத்தைப் போட்டார்கள். சனம் எப்படியும் வந்துகொண்டுதான் இருக்கும். அவர்களுக்காக விளைநிலத்தை அழித்து வீடு கட்டிக்கொண்டே போவதா, ஏற்கெனவே குழாயும் பஸ்ஸும் உள்ள இடங்களில் நெருக்கமாகக் குடியேற்றுவதா என்பதுதான் அன்றைய கேள்வி. நெருக்கத்துக்கென்று 25 இடங்களை நகர வளர்ச்சி மையங்களாகத் தெரிவு செய்து, ஒவ்வொன்றுக்கும் குறைந்தபட்ச இலக்கு வைத்தார்கள். ஸ்காபரோ, நோர்த் யோர்க் உட்பட ரொறன்ரோவுக்குள் இருக்கும் ஐந்து மையங்களில் ஹெக்டேருக்கு 400 பேர், மார்க்கம், மிசிசாகா, வோன் போன்றவற்றில் 200, பாரி, குவெல்ஃப், பீற்றர்பரோ மாதிரி ஊர்களில் 150.

ஏஜென்ற் சொல்வதில் பாதி சரி. கட்டடங்கள் வரும் என்பது மெய். விலை ஏறும் என்று அந்தத் திட்டத்தில் எங்கும் எழுதியிருக்கவில்லை.

அந்த 400 பேர் என்பது குடியிருப்பவர்களா?

குடியிருப்பவர்களும் வேலை செய்பவர்களும் சேர்ந்த எண்ணிக்கை. கோளாறே அங்கேதான் இருக்கிறது. ஒரு ஹெக்டேர் என்றால் ஏறத்தாழ இரண்டரை ஏக்கர். மோலின் கார் நிறுத்துமிடத்தில் அவ்வளவு காணியை எடுத்து 400 வீடுகள் கொண்ட ஒரே ஒரு கொண்டோ கட்டுங்கள். வீட்டுக்கு இரண்டு பேருக்குச் சற்றுக் குறைவு என்று வைத்தாலும் 700 தாண்டிவிடும். அந்தக் கட்டடத்தில் ஒரு மேசை வேலைகூட இருக்கத் தேவையில்லை. இலக்கு மையம் முழுவதற்குமான சராசரிதான், சாலையும் வெறும் காணியும் கணக்கில் சேரும். ஆனாலும் கொண்டோக்களை மட்டும் அடுக்கியே அதை எட்டிவிடலாம். இந்த எண்ணைச் சாதனையாகக் காட்டும் அறிக்கையைப் பார்த்தால், அதில் வேலைகள் எத்தனை என்று தனியாகக் கேளுங்கள்.

ஸ்காபரோ வாசகர்: நோர்த் யோர்க்கும் ஸ்காபரோவும் ஒரே காலத்தில் தொடங்கின. அங்கே டவுன்ரவுன் மாதிரி ஆகிவிட்டது. எங்களிடம் இன்னும் ஒரு மோலும் அதைச் சுற்றிக் கார்களும்தானே, அக்கா?

இந்தக் கேள்வியை எதிர்பார்த்துக்கொண்டிருந்தேன். 1973இல் மோல் திறந்தது, ரேமண்ட் மோரியாமா வடிவமைத்த அந்த அழகான நகரசபைக் கட்டடமும் அதே ஆண்டுதான். பிறகு மத்திய அரசின் அலுவலகக் கட்டடம் வந்தது, கொன்சிலியம் என்ற அலுவலகக் கோபுரங்கள் வந்தன. தொடக்கம் நன்றாகத்தான் இருந்தது.

வித்தியாசம் ரயிலில். யங் தெரு சுரங்க ரயில் 1974இலேயே ஃபின்ச் வரை போய்விட்டது. 1987இல் நோர்த் யோர்க்கின் நகரசபை வாசலுக்கே ஒரு நிலையம் கிடைத்தது. டவுன்ரவுனில் ஏறினால் மாறாமல் வந்து இறங்கலாம். ஸ்காபரோவுக்கு 1985இல் கொடுத்தது ஒரு குட்டி ரயில். சுரங்க ரயிலிலிருந்து கென்னடி நிலையத்தில் இறங்கி, படிகள் ஏறி, பனிக்காலத்தில் அது ஓடுமா ஓடாதா என்று பார்த்து நிற்கவேண்டும். கம்பனி வைத்திருப்பவன் தன் ஊழியர்களை ஏன் அப்படி வரச் சொல்லப்போகிறான்?

அப்புறம் 90களில் இரண்டு மையங்களுக்குமே அடி விழுந்தது. ரொறன்ரோவில் வணிகக் கட்டட வரி அதிகம், எல்லைக்கு வெளியே குறைவு. ஹைவே ஓரத்தில் காணி மலிவு, பார்க்கிங் இலவசம். அலுவலகங்கள் மார்க்கத்துக்கும் மிசிசாகாவுக்கும் போயின. நோர்த் யோர்க்கிலும் அதற்குப் பிறகு எழுந்தவை பெரும்பாலும் கொண்டோக்கள்தான். ஆனால் சுரங்க ரயில் இருந்ததால் தெருவில் கடையும் சனமும் நிலைத்தன.

குட்டி ரயிலுக்கு நடந்தது உங்களுக்குத் தெரியும். 2023 ஜூலை 24 அன்று கடைசிப் பெட்டி தடம் புரண்டது. நவம்பரில் மூட இருந்தவர்கள் அன்றோடு மூடினார்கள். இப்போது 7.8 கிலோமீற்றருக்கு சுரங்க ரயில் தோண்டுகிறார்கள், மூன்று நிலையங்கள், அதில் ஒன்று ஸ்காபரோ சென்ரர். மாகாணம் 2006இல் மையம் என்று எழுதிய இடத்துக்கு, அப்போதே இருந்த ரயிலையும் இழந்த பிறகுதான் சரியான ரயில் வருகிறது. என் கோபம் எல்லாம் இந்த வரிசையின் மேல்தான்.

என் பங்களோ மோலுக்குப் பக்கத்தில். மையம் என்று சொல்லி வீட்டை எடுத்துவிடுவார்களா?

இல்லை. மையத்தின் கோடு கட்டட உயரத்தையும் அடர்த்தியையும் பற்றியது, உங்கள் காணி உறுதியைப் பற்றியது அல்ல. ரயில் நிலையத்துக்கோ சாலைக்கோ காணி தேவைப்பட்டால் சுவீகரிப்பார்கள், அதற்குத் தனிச் சட்டமும் நட்டஈடும் உண்டு. கட்டுமான நிறுவனம் கதவைத் தட்டினால், பக்கத்து வீட்டுக்காரருடன் பேசாமல் கையெழுத்து வைக்காதீர்கள். ஒற்றைக் காணியில் அவர்களால் பெரிதாக எதுவும் கட்ட முடியாது.

பல்கலைக்கழக மாணவர்: பிரெஞ்சுப் பொருளியலாளர் பிரான்சுவா பெரூவின் வளர்ச்சித் துருவக் கோட்பாடும் இதுவும் ஒன்றா?

பெயர்தான் நெருக்கம், தம்பி. பெரூ 1955இல் எழுதியபோது ஊரைச் சொல்லவில்லை. மற்றத் தொழில்களை இழுத்துக்கொண்டு போகும் முன்னணித் தொழிலைச் சொன்னார். அதை வரைபடத்தில் ஓர் இடமாக்கியவர்கள் பின்னால் வந்தவர்கள். பின்தங்கிய பகுதியில் ஒரு புள்ளியில் முதலீட்டைக் கொட்டினால் சுற்றுப்புறமும் நிமிரும் என்பது அவர்கள் நம்பிக்கை. ஒன்ராறியோவின் பிரச்சினை நேர் எதிரானது. இங்கே வளர்ச்சி தானாகவே வருகிறது, அதை எங்கே இருத்துவது என்பதுதான் கேள்வி.

கனடாவில் அந்தப் பழைய அர்த்தத்தில் நடந்ததைப் படிக்க விரும்பினால் நியூஃபவுண்லாந்துக்குப் போங்கள். 1954க்கும் 1975க்கும் இடையில் ஏறத்தாழ 300 மீனவக் குடியிருப்புகளைக் கைவிட வைத்து, 30,000 பேர் அளவில் இடம் மாற்றினார்கள். 1965க்குப் பிறகு, அரசு குறித்த வளர்ச்சி மையத்துக்குப் போனால் கூடுதல் உதவிப் பணம். சிலர் தங்கள் வீட்டையே மிதக்கவிட்டுக் கடல் வழியாக இழுத்துப் போனார்கள். போன இடத்தில் எல்லோருக்கும் வேலை காத்திருக்கவில்லை. உங்கள் கட்டுரைக்கு ஸ்காபரோவைவிட இது நல்ல உதாரணம்.

பிக்கறிங் வாசகர்: வளர்ச்சி எப்போதும் மேற்கே, மிசிசாகா பக்கமே போகிறது. கிழக்கை யாரும் திட்டமிடவில்லையா?

திட்டமிட்டார்கள், ஐயா, 1970இலேயே. ரொறன்ரோவை மையமாகக் கொண்ட வட்டாரத்துக்கு மாகாண அரசு ஒரு திட்டம் வெளியிட்டது. மேற்கே போகும் வளர்ச்சியைக் கிழக்கே திருப்புவது அதன் முக்கிய நோக்கங்களில் ஒன்று. 1972இல் மத்திய அரசு பிக்கறிங்கில் விமான நிலையத்துக்கென 18,600 ஏக்கரைச் சுவீகரித்தது. பக்கத்தில் சீற்றன் என்று புதுநகர் கட்டுவதாக மாகாணமும் சொன்னது.

ஆனால் இருந்த விமான நிலையம் மேற்கில். அமெரிக்க எல்லைக்குப் போகும் ஹைவேயும் கார்த் தொழிற்சாலைகளில் பலவும் அந்தப் பக்கமே. அவற்றுக்கு எதிராகக் காகிதம் என்ன செய்யும்? பிக்கறிங் விமான நிலையத்தை 1975இல் நிறுத்தி வைத்தார்கள், கட்டப்போவதில்லை என்று அதிகாரபூர்வமாகச் சொன்னது 2025 ஜனவரியில். சீற்றனில் 70,000 பேரைக் குடியேற்றும் திட்டத்தில் வீடுகள் இப்போதுதான் எழும்புகின்றன. நம்மவர் பலர் அங்கே வாங்கியிருக்கிறார்கள். வேலைக்கு இன்னமும் 401 ஹைவேயில் மேற்கே ஓட்டுகிறார்கள்.

கிரீன்பெல்ற்றும் இதுவும் வேறு வேறா?

கிரீன்பெல்ற் என்பது ரொறன்ரோ வட்டாரத்தைச் சுற்றிப் பாதுகாக்கப்பட்ட விளைநிலமும் பசுமை நிலமும். அது எங்கே கட்டக்கூடாது என்கிறது, மையங்கள் எங்கே கட்டவேண்டும் என்கின்றன. ஒன்றைத் தளர்த்தினால் மற்றதுக்கும் பலம் இல்லை. 2022இல் கிரீன்பெல்ற்றிலிருந்து 7,400 ஏக்கரை எடுத்தார்கள். அதனால் காணிக்காரர்களுக்கு 8.3 பில்லியன் டொலருக்கு மேல் மதிப்பு ஏறக்கூடும் என்று கணக்காய்வாளர் நாயகம் அடுத்த ஆண்டு அறிக்கை வைத்தார். அமைச்சர் பதவி விலகினார், முதல்வர் மன்னிப்புக் கேட்டு அந்தக் காணியைத் திரும்பவும் கிரீன்பெல்ற்றில் சேர்த்தார். மூலையில் உள்ள வயல் அவ்வளவு லாபமாக இருந்தால் கார் நிறுத்துமிடத்தில் கட்ட யார் வருவார்?

அந்த 2006 திட்டமே இப்போது இல்லை என்கிறார்களே?

ஆம். 2024 ஒக்ரோபர் 20 முதல் அது ரத்து. மாகாணம் முழுவதற்கும் ஒரே கொள்கை அறிக்கை வந்துவிட்டது. 25 பெயர்களும் 400, 200, 150 என்ற கட்டாய எண்களும் அதோடு போயின. அடர்த்தியின் பிடி இப்போது பெரிய ரயில், பஸ் நிலையங்களைச் சுற்றி இருக்கிறது. சுரங்க ரயில் நிலையம் என்றால் ஹெக்டேருக்கு 200. நகரசபைகளின் சொந்தத் திட்டங்களில் பழைய மையங்கள் இருக்கத்தான் செய்கின்றன, ஆகவே ஸ்காபரோ சென்ரர் ஒரே இரவில் மாறாது.

வோனில் கொண்டோ வாங்கலாமா, அக்கா?

நான் முதலீட்டு ஆலோசகர் இல்லை. 2017இலிருந்து அங்கே சுரங்க ரயில் ஓடுகிறது என்பதை மட்டும் சொல்வேன்.

பேர்லிங்ரன் வாசகி: மாகாணம் கோடு போட்டுவிட்டால் நாங்கள் சொல்லி மாறுமா?

உங்கள் ஊரிலேயே மாறியதே! ஏரிக்கரை டவுன்ரவுனை மையம் என்று குறித்திருந்தார்கள். அதையும் அங்கிருந்த சின்னப் பஸ் நிலையத்தையும் காட்டியே கட்டுமான நிறுவனங்கள் உயரமான கோபுரங்களுக்கு அனுமதி வாங்கின. சனம் எதிர்த்தது, 2018 தேர்தலில் அதுவே பெரிய விடயமானது. 2021 நவம்பரில் மையத்தை கோ (GO) புறநகர் ரயில் நிலையத்துப் பக்கம் நகர்த்த அமைச்சர் சம்மதித்தார்.

ஒன்றைக் கவனியுங்கள். 2024 ஜூனுக்குப் பிறகு, நகரசபை ஒரு திட்டத்தையோ சோனிங் என்ற காணிப் பயன்பாட்டு விதியையோ நிறைவேற்றிய பின் அயலவர்கள் மாகாணக் காணித் தீர்ப்பாயத்துக்கு மேன்முறையீடு செய்ய முடியாது. ஆகவே வாக்கெடுப்புக்கு முன் நடக்கும் பொதுக்கூட்டத்துக்கே போய்விடுங்கள். அதற்கான அறிவித்தல் தபாலில் வந்தால், விளம்பரத் தாள்களோடு சேர்த்து எறிந்துவிடாதீர்கள்.