குட்டி நாய் பிறாண்டினாலும் ஊசி வேண்டுமா?

கேள்வி: தெருவில் நாங்கள் சோறு வைக்கும் நாயின் குட்டி, என் ஏழு வயது மகனின் முழங்காலில் நேற்று பிறாண்டிவிட்டது. லேசாக ரத்தம் எட்டிப் பார்த்தது. மாமியார் சுண்ணாம்பு தடவினார். "ரெண்டு மாசக் குட்டிக்கு ஏது வெறி? தொப்புளைச் சுத்திப் பதினாலு ஊசி போட்டுப் பிள்ளையை வதைக்காதே" என்கிறார். என்ன செய்ய?
- வாசகி, மணப்பாறை

பதில்: கடிதத்தில் அலைபேசி எண் இருந்தது நல்லதாய்ப் போயிற்று. இதழ் வரும்வரை காத்திருக்கிற விஷயமா இது? உடனே கூப்பிட்டுப் பேசிவிட்டேன். பையனுக்கு முதல் ஊசி போட்டாயிற்று. மற்றவர்களுக்காக இங்கே எழுதுகிறேன்.

ரேபிஸ் என்னும் வெறிநோயின் அறிகுறி தெரிந்துவிட்டால் அநேகமாக யாரும் பிழைப்பதில்லை. குட்டிக்கும் அது வரும். வெறிபிடித்த நாய் ஒன்று அதைக் கடித்திருந்தால் போதும். நாய் பாதத்தை நக்கிக்கொண்டே இருக்கும் பிராணி, அதனால் நகக்கீறலும் கணக்கில் சேரும்.

முதலில் குழாயடி. ஓடும் தண்ணீரில் சோப்புப் போட்டுப் பதினைந்து நிமிடம் கழுவ வேண்டும், கடிகாரத்தைப் பார்த்து. இந்தக் கிருமியின் மேலுறையில் கொழுப்பு உண்டு. சோப்பு அதைச் சிதைத்துவிடும். ஊசி அறையில் நான் இருந்த காலத்தில், கெண்டைக்காலில் காப்பித்தூள் காய்ந்து பொருக்காய் ஒட்டியிருக்கப் பிள்ளைகள் வருவார்கள். செவிலியர் அதைக் குழாயடியில் சுரண்டி எடுக்கும்போது அவர்கள் போடும் அலறல், ஊசிக்குக்கூட இருக்காது. சுண்ணாம்பு, மஞ்சள், மிளகாய்த்தூள் எதுவும் வேண்டாம்.

உங்கள் மாமியார் சொல்வது பொய்யில்லை, பழசு. ஆட்டு மூளையிலிருந்து தயாரித்த மருந்தை வயிற்றில் போட்ட காலம் அது. நம் குன்னூர் பாஸ்டர் நிலையத்திலும் அதைத் தயாரித்தார்கள். அது நின்று இருபது வருடம் ஆகிறது. இப்போது கையில்தான். முதல் ஊசி போடும் நாளைப் பூஜ்யம் என்று வைத்து 0, 3, 7, 28 ஆகிய நாட்களில், தோலுக்குள் துளித்துளியாக. தசையில் போட்டால் 14ஆம் நாளும் ஒன்று உண்டு. மூன்றாவதோடு நிறுத்திவிட்டு, நாலாவதுக்குள் சீட்டைத் தொலைத்துவிடுகிறவர்கள் நிறைய.

ஊசியோடு முடிந்தது என்று நினைத்துப் பலர் தவறவிடுவது ஒன்று இருக்கிறது. டாக்டர்கள் இந்தக் காயங்களை மூன்று வகையாகப் பிரிப்பார்கள்; ரத்தம் வந்த காயம் மூன்றாம் வகை, அதிக ஆபத்தானது. அதற்குக் காயத்தைச் சுற்றியே இம்யூனோகுளோபுலின், அதாவது கிருமியை உடனே தடுக்கும் தயார்நிலை எதிர்ப்புப் பொருள், போட வேண்டும். தடுப்பூசி உடம்பில் வேலை செய்ய ஒரு வாரத்துக்கு மேல் ஆகும். அதுவரை காவல் இதுதான். முதல் ஊசியன்றே போடுவது நல்லது, ஏழு நாளைத் தாண்டக் கூடாது. ஆரம்ப சுகாதார நிலையத்தில் இல்லையென்றால் திருச்சி பெரிய ஆஸ்பத்திரிக்குப் போய்விடுங்கள். இரண்டுமே அரசு மருத்துவமனையில் இலவசம். தனியாரில் தடுப்பூசி ஒன்றுக்குச் சில நூறு ரூபாய். இம்யூனோகுளோபுலினோ உடல் எடைக்கு ஏற்ற அளவு, ஆயிரக்கணக்கில் போகும்.

குட்டியைப் பத்து நாள் கவனியுங்கள். நன்றாக இருந்தால் மீதி ஊசியை நிறுத்தலாமா என்று டாக்டர் சொல்லட்டும். பத்து நாள் பார்த்துவிட்டு ஆரம்பிக்கலாம் என்று மட்டும் இருந்துவிடாதீர்கள்.

கேள்வி: எங்கள் வீட்டு நாய் கொரியர் தம்பியைக் கடித்துவிட்டது. வருடாவருடம் ஊசி போட்ட நாய். செலவு எங்கள் தலையிலா? பல் தடம் ஒன்றுக்குப் பத்தாயிரம் என்கிறார்களே?
- வாசகர், கோவை

பதில்: உங்கள் தலையில்தான், சார். மருந்து இலவசமாகவே கிடைத்தாலும் நாலு தடவை ஆஸ்பத்திரிக்கு அலைகிற நாளில் அவருக்குக் கூலி போகிறதே, அதைக் கொடுங்கள். நாயின் ஊசி அட்டையைப் படம் எடுத்து அவருக்கு அனுப்புங்கள், டாக்டருக்கு உதவும். அதற்காக அவருக்கு ஊசி வேண்டாம் என்று நீங்கள் முடிவு செய்யாதீர்கள். வளர்ப்புப் பிராணியை அலட்சியமாக விட்டால் பழைய இந்தியத் தண்டனைச் சட்டத்துக்குப் பதிலாக வந்த பாரதிய நியாய சன்ஹிதாவின் 291ஆம் பிரிவில் ஆறு மாதம்வரை சிறையோ ஐயாயிரம் வரை அபராதமோ, இரண்டுமோ உண்டு. பல் தடம் ஒன்றுக்குப் பத்தாயிரம் என்று நீங்கள் கேள்விப்பட்டது 2023இல் பஞ்சாப்-ஹரியானா உயர் நீதிமன்றம் தெருப் பிராணிகள் விஷயத்தில் சொன்ன இழப்பீடு. உங்கள் வழக்கு வேறு. கேட்டுக்கு உள்கதவு ஒன்று போட்டுவிடுங்கள்.

கேள்வி: டியூஷன் போகும் வழியில் நாய்கள் துரத்துகின்றன. மகளுக்கு என்ன சொல்லித் தர?
- வாசகி, தாம்பரம்

பதில்: ஓடாதே என்பதைத்தான். நின்று, கையைக் கட்டிக்கொண்டு, நாயின் கண்ணைப் பார்க்காமல், அது மோந்துவிட்டுப் போகும்வரை அசையாமல் இருக்க வேண்டும். கீழே விழுந்துவிட்டால் சுருண்டு, கழுத்தையும் காதையும் கையால் மூடிக்கொள்ள வேண்டும். குட்டி போட்ட நாய் இருக்கிற சந்தாக இருந்தால் ஒரு மாதம் வேறு தெரு வழியாகப் போகட்டும்.