பயணக் கேள்வி - பதில்: அமால்ஃபிக் கடற்கரையில் ஒரு நாள்

தென் இத்தாலியின் அமால்ஃபிக் கடற்கரையைச் சிறு குழுவாகச் சென்று ஒரே நாளில் பார்த்து வருவது குறித்து வாசகர்கள் எழுதிய கடிதங்களில் சிலவற்றுக்கு இந்த இதழில் பதில் அளிக்கிறேன்.

கேள்வி: நானும் என் கணவரும் பணி ஓய்வு பெற்ற ஆசிரியர்கள். மே மாதம் ஜெர்மனியில் உள்ள மகன் வீட்டுக்குச் சென்று, அங்கிருந்து ஒரு வாரம் இத்தாலிக்குப் போகிறோம். ரோமிலிருந்து காலையில் புறப்பட்டு பாம்பெய், பொசிதானோ, அமால்ஃபி, ராவெல்லோ ஆகிய நான்கு இடங்களையும் காட்டி, 13 மணி நேரத்தில் திரும்ப அழைத்து வரும் வழிகாட்டியுடன் கூடிய சிறு குழுச் சுற்றுலாவை மதுரையில் ஒரு முகவர் பரிந்துரைக்கிறார். கணவருக்கு மூட்டுவலி உண்டு. எனக்கு மலைப்பாதை ஒத்துக்கொள்ளாது. பணம் கட்டலாமா?
- ஆசிரியை, திருமங்கலம்

பதில்: இந்த நிரலுக்குப் பணம் கட்ட வேண்டாம் என்பதே என் கருத்து. ரோமிலிருந்து பாம்பெய்க்குச் சாலை வழியாக இரண்டரை முதல் மூன்று மணி நேரம் ஆகும். பாம்பெய்யிலிருந்து பொசிதானோவுக்கு ஏறத்தாழ ஒரு மணி நேரம். அங்கிருந்து அமால்ஃபி 17 கிலோமீட்டருக்குள்தான் என்றாலும், நெரிசல் இருந்தால் அதற்கே ஒரு மணி நேரம் போய்விடும். அமால்ஃபியிலிருந்து ராவெல்லோவுக்கு மலையேற அரை மணி நேரமும், அங்கிருந்து ரோமுக்குத் திரும்ப மூன்றரை மணி நேரத்துக்குக் குறையாமலும் பிடிக்கும். இவற்றைக் கூட்டிப் பார்த்தால், 13 மணி நேரத்தில் ஒன்பது மணி நேரத்தை வண்டி இருக்கையிலேயே கழிப்பீர்கள். மீதமுள்ள நான்கு மணி நேரத்தில் சாப்பாடும் நான்கு ஊர்களும் அடங்க வேண்டும். பாம்பெய் மட்டுமே 60 ஹெக்டேருக்கு மேல் பரந்து கிடக்கும் நகரம். கி.பி. 79இல் விசுவியஸ் எரிமலை புதைத்த அந்தத் தெருக்களில் கல் பாவிய தரைமீது நடந்து பார்க்க அரை நாளாவது வேண்டும்; அதைத் தனி நாளுக்கு ஒதுக்கிவிடுங்கள். நிரலில் எத்தனை ஊர்ப் பெயர்கள் இருக்கின்றன என்பதைப் பார்க்காமல், ஒவ்வோர் ஊரிலும் எத்தனை மணி நேரம் காலூன்றி நிற்க விடுகிறார்கள் என்று கேட்டு முடிவு செய்யுங்கள்.

ரோமிலிருந்து அதிவேக ரயிலில் நேபிள்ஸுக்கு ஒன்றேகால் மணி நேரத்திலும், அமால்ஃபிக் கரையின் கிழக்கு முனையில் உள்ள சலேர்னோவுக்குச் சுமார் இரண்டு மணி நேரத்திலும் சென்றுவிடலாம். அந்த இரண்டு ஊர்களில் ஒன்றிலோ கரைக்கு மேற்கே உள்ள சொரெண்டோவிலோ இரண்டு இரவுகள் தங்கி, அங்கிருந்து புறப்படும் சுற்றுலாவில் சேர்ந்தால், ரோமிலிருந்து வந்துபோகும் நேரம் முழுவதும் தங்களுக்கு மிச்சமாகும்.

'சிறு குழு' என்று விளம்பரம் செய்பவர்கள் எல்லோரும் ஒரே அளவைச் சொல்வதில்லை. சிலர் எட்டுப் பயணிகள் அமரும் வேனையும், வேறு சிலர் இருபது பேர் வரை ஏறும் மினி பஸ்ஸையும் அந்தப் பெயரால் விற்கிறார்கள். இந்தக் கரையில் வண்டி சிறிதாக இருப்பது வெறும் சொகுசுக்காக அன்று. அமால்ஃபிச் சாலை 19ஆம் நூற்றாண்டின் முற்பாதியில், நேபிள்ஸை ஆண்ட பூர்போன் மன்னர்களின் காலத்தில், லட்டாரி மலையின் செங்குத்துப் பாறையைக் குடைந்து போடப்பட்டது. இன்றும் பல வளைவுகளில் இரண்டு வண்டிகள் ஒன்றையொன்று கடக்கத் தயங்கும் அகலமே அதற்கு உண்டு. நீளமான பேருந்துகளுக்கு அங்கே கட்டுப்பாடு உள்ளது. கோடை நெரிசல் நாட்களில் தனியார் கார்கள் பதிவெண்ணின் கடைசி இலக்கம் ஒற்றையா இரட்டையா என்பதைப் பொறுத்தே அனுமதிக்கப்படுகின்றன. ஆகவே தங்கள் மகன் வாடகைக் கார் எடுத்து ஓட்டலாம் என்று சொன்னால், அதையும் நான் ஆதரிக்க மாட்டேன்.

வழிகாட்டி என்ற சொல்லையும் முகவரிடம் விளக்கிச் சொல்லச் சொல்லுங்கள். இத்தாலியில் சுற்றுலா வழிகாட்டி என்பது தேர்வெழுதி உரிமம் பெற்றுச் செய்ய வேண்டிய தொழில். பல சிறு குழுச் சுற்றுலாக்களில் உடன் வருபவர் ஆங்கிலம் பேசும் ஓட்டுநர் மட்டுமே. அவர் வழியெல்லாம் நன்றாகவே கதை சொல்வார்; ஆனால் தேவாலயத்துக்குள் வந்து விளக்கிக் காட்டுவது அவர் வேலை அன்று. உரிமம் பெற்ற வழிகாட்டி எந்த ஊரில், எவ்வளவு நேரம் உடன் இருப்பார் என்பதையும், நுழைவுக் கட்டணங்கள் சேர்க்கப்பட்டுள்ளனவா என்பதையும் எழுத்தில் வாங்கிக்கொள்ளுங்கள். எலுமிச்சை மதுவைச் சுவைக்கவும் பீங்கான் வாங்கவும் கடைகளில் நிறுத்துவது நிரலில் இருந்தால், அந்த நேரத்தை ஊர் பார்க்கத் தர முடியுமா என்றும் கேளுங்கள்.

தங்கள் கணவரின் மூட்டுவலியை நினைத்தால், பொசிதானோதான் எனக்குக் கவலை தருகிறது. படத்தில் நாம் பார்த்து மயங்கும் அந்த ஊரில் சமதரை என்பதே அபூர்வம். வண்டி மேல்சாலையில் இறக்கிவிடும்; கடற்கரைக்கும், மஞ்சளும் பச்சையுமாக ஓடு பதித்த குவிமாடம் கொண்ட மாதா கோயிலுக்கும், சரிவுகளிலும் படிகளிலும் இறங்கிப் போய்ப் பிறகு ஏறி வர வேண்டும். மாறாக, கடல் மட்டத்துக்கு ஏறக்குறைய 350 மீட்டர் உயரத்தில் இருக்கும் ராவெல்லோவில் ஊரின் நடுச்சதுக்கம் சமமானது. அதை ஒட்டியே வில்லா ரூஃபோலோ என்ற பழைய மாளிகையும் தோட்டமும் இருக்கின்றன. 1880இல் அங்கே வந்த ஜெர்மானிய இசையமைப்பாளர் வாக்னர், தாம் எழுதிக்கொண்டிருந்த இசை நாடகத்தில் வரும் மந்திரத் தோட்டத்தை இங்கே கண்டுகொண்டதாகக் குறித்துவைத்தார். அவசரக்காரர்கள் முதலில் வெட்டிவிடும் ஊர் ராவெல்லோதான். என்னைக் கேட்டால், தங்கள் இருவருக்கும் அந்த நாளின் சிறந்த பகுதி அதுவாகவே இருக்கும்.

மலைப்பாதையைப் பொறுத்தவரை, வத்தலக்குண்டிலிருந்து கொடைக்கானலுக்கு ஏறுவதைத் தாங்கள் எப்படித் தாங்குகிறீர்களோ, அதையே அளவாக வைத்துக்கொள்ளுங்கள். முன் இருக்கை வேண்டும் என்று பதிவு செய்யும்போதே சொல்லுங்கள். மருத்துவரைக் கேட்டு மாத்திரை எடுத்துச் செல்லுங்கள். சொரெண்டோ பக்கமிருந்து வந்தால் கடல் வலப்புறம் இருக்கும். இத்தாலியில் வண்டிகள் வலப்பக்கம் ஓடுவதால் அப்போது கடலோரத் தடத்திலேயே செல்வீர்கள். அந்த ஓரம் அச்சம் தந்தால், சலேர்னோவிலிருந்து தொடங்கும் சுற்றுலாவைத் தேர்ந்தெடுங்கள். அப்போது மலையை ஒட்டிச் செல்லலாம்.

என் யோசனை இதுதான்: சலேர்னோவில் தங்குங்கள். காலையில் ராவெல்லோ, நண்பகலில் அமால்ஃபி என்று இரண்டு ஊர்களை மட்டும் நிதானமாகக் காட்டும் சுற்றுலாவைத் தேடுங்கள். மாலையில் வண்டியில் திரும்பாமல், அமால்ஃபித் துறையிலிருந்து பயணிகள் படகில் சலேர்னோவுக்கு வர முடியுமா என்று கேளுங்கள். சுமார் 35 நிமிடப் பயணம். சாலையில் போகும்போது கண்ணில் படாத மலைமுகம் முழுவதும் கடலிலிருந்து தெரியும், வளைவுகளும் இல்லை. பொசிதானோவைப் பார்த்தே ஆக வேண்டும் என்றால், அதையும் படகிலிருந்து பார்ப்பதே அழகு. மே மாதத்தில் படகுகள் ஓடும். கடல் கொந்தளித்தால் நிறுத்திவிடுவார்கள் என்பதால், திரும்பி வர வண்டியும் இருக்கட்டும்.

கேள்வி: ஜெர்மனி விசாவில் இத்தாலிக்குப் போகலாமா?
- வாசகர், மேலூர்

பதில்: போகலாம். ஜெர்மனி தரும் குறுகிய கால விசா ஷெங்கன் விசாதான்; ஷெங்கன் உடன்பாட்டில் உள்ள ஐரோப்பிய நாடுகள் அனைத்துக்கும் அது செல்லும், இத்தாலியும் அவற்றில் ஒன்று. எந்த நாட்டில் அதிக நாள் தங்குகிறீர்களோ, அந்த நாட்டிடம் விண்ணப்பிக்க வேண்டும். எந்த 180 நாளிலும் 90 நாளுக்கு மேல் தங்கக் கூடாது. மருத்துவக் காப்பீடு குறைந்தது 30,000 யூரோவுக்கு இருக்க வேண்டும். இத்தாலிப் பயணத்தையும் தங்குமிடத்தையும் விண்ணப்பத்திலேயே காட்டிவிடுங்கள்.

கேள்வி: நாங்கள் சுத்த சைவம். சுற்றுலாவில் மதிய உணவும் சேர்த்தே தருவதாகச் சொல்கிறார்கள். ஏற்றுக்கொள்ளலாமா?
- இல்லத்தரசி, தெப்பக்குளம்

பதில்: உணவு சேர்க்காத சுற்றுலாவையே எடுங்கள். கடலோர ஊர்களில் குழுவுக்கென்று வைக்கும் பாஸ்தாவில் பெரும்பாலும் கடல் உணவு இருக்கும். அமால்ஃபிக்குக் கிழக்கே உள்ள செத்தாரா என்ற மீனவர் ஊரில் நெத்திலி வகை மீனை உப்பிலிட்டு வடிக்கும் ஒரு சாறு பேர்போனது. அதைச் சில உணவுகளில் சுவைக்காகச் சில துளிகள் சேர்ப்பார்கள், கண்ணுக்குத் தெரியாது. தக்காளி, பூண்டு, ஓரிகானோ மட்டும் இட்டுச் சுடும் மரினாரா பீட்சாவில் சீஸே கிடையாது என்பதால் அது தங்களுக்குப் பாதுகாப்பானது. சீஸ் விஷயத்தில் தாங்கள் கவனிக்க வேண்டியது ஒன்று உண்டு: பார்மிஜானோ, எருமைப்பால் மொசரெல்லா ஆகிய இரண்டும் கன்றின் இரைப்பையிலிருந்து எடுக்கும் உறைபொருளைக் கொண்டே பாரம்பரியமாகச் செய்யப்படுகின்றன. இதை ஏற்பதும் விலக்குவதும் தங்கள் வீட்டு வழக்கத்தைப் பொறுத்தது; தெரியாமல் சாப்பிட்டுப் பின்னர் வருந்தக் கூடாது என்பதற்காகவே சொல்கிறேன். 'சென்சா கார்னே, சென்சா பேஷே' என்று சொன்னால், இறைச்சியும் மீனும் வேண்டாம் என்பது பரிமாறுபவருக்குப் புரியும்.

கேள்வி: புனித அந்திரேயாவின் திருப்பண்டம் அமால்ஃபிப் பேராலயத்தில் இருப்பது உண்மையா? சுற்றுலாவில் தரும் ஓய்வு நேரத்துக்குள் தரிசிக்க முடியுமா?
- வாசகர், ஞானஒளிவுபுரம்

பதில்: ஆம், இயேசுவின் சீடரான அந்திரேயாவின் திருப்பண்டம், அதாவது அவருடைய உடல் எச்சம், பேராலயத்தின் நிலவறைச் சிற்றாலயத்தில் வைத்து வணங்கப்படுகிறது. கான்ஸ்டான்டிநோபிள் நகரம் 1204இல் சிலுவைப் போர் வீரர்களின் கையில் வீழ்ந்த பிறகு, அமால்ஃபியைச் சேர்ந்த கர்தினால் பியெத்ரோ கப்புவானோ 1208இல் அதை இங்கே கொண்டுவந்தார். அந்த நகரத்துக்கும் அமால்ஃபிக்கும் உறவு அதற்கு முன்பே இருந்தது. கீழைக் கடல்களில் வணிகம் செய்த குடியரசு இது. பேராலயத்தின் வெண்கலக் கதவும் 11ஆம் நூற்றாண்டில் கான்ஸ்டான்டிநோபிளில் வார்க்கப்பட்டு வந்ததே. 62 படிகள் ஏறி, வெண்தூண்கள் சூழ்ந்த சொர்க்க முற்றம், பழைய பசிலிக்கா, நிலவறை என்று போய் வர முக்கால் மணி நேரமாவது வேண்டும்; ஒன்றரை மணி நேர ஓய்வு தந்தால், முதலில் இதை முடித்துவிட்டுப் பிறகு சாப்பிடுங்கள். தோளும் முழங்காலும் மறைந்திருக்க வேண்டும். நவம்பர் 30 புனிதரின் திருவிழா. 1544இல் துருக்கியக் கடற்படைத் தளபதி பார்பரோசாவின் கப்பற்படையிடமிருந்து ஊர் தப்பியதை நினைத்து ஜூன் 27 அன்றும் கொண்டாடுவார்கள்; அன்று திருவுருவத்தைத் தோளில் சுமந்தபடி படிகளில் ஓடியே ஏறுவார்கள். தரிசனம் மட்டும் வேண்டும் என்றால், அந்த இரண்டு நாட்களைத் தவிர்ப்பது நல்லது.

கேள்வி: சிறுமலை அடிவாரத்தில் எலுமிச்சை வைத்திருக்கிறேன். மகளுடன் இத்தாலி செல்கிறேன். அமால்ஃபி எலுமிச்சைத் தோட்டங்களைப் பார்ப்பது ஒரு நாள் சுற்றுலாவில் இயலுமா? கன்று கொண்டுவரலாமா?
- விவசாயி, வாடிப்பட்டி

பதில்: தங்கள் கடிதம் எனக்கு மிகுந்த மகிழ்ச்சி தந்தது. அந்தக் கரையை உண்டாக்கியவர்கள் விவசாயிகள். 1997இல் யுனெஸ்கோ அதை உலகப் பாரம்பரியச் சின்னமாக ஏற்றபோதும், மனிதர் கைபட்டு உருவான அந்த நிலத்தோற்றத்துக்கே மதிப்பளித்தது. மலைச்சரிவைப் படிப்படியாக வெட்டி, சுண்ணாம்பு இல்லாமல் கல்லை மட்டும் அடுக்கிச் சுவர் எழுப்பி, அதற்குள் மண்ணைச் சுமந்து நிரப்பியிருக்கிறார்கள். மரங்களின் மேல் செஸ்ட்நட் கழிகளால் பந்தலிட்டு, குளிர்காற்றும் ஆலங்கட்டியும் தாக்காதபடி வலை போர்த்துகிறார்கள். முன்பு இலைதழைகளைப் பரப்பினார்கள். இயந்திரம் நுழைய வழியில்லாததால், பறித்த பழத்தை இன்றும் பல இடங்களில் ஆளும் கோவேறு கழுதையும்தான் படிகளில் இறக்க வேண்டியிருக்கிறது. கூலி கட்டுப்படியாகாமல் தோட்டத்தைக் கைவிட்டால் கற்சுவர் சரிகிறது. சுவர் சரிந்தால் மழைக்காலத்தில் மண் கீழே உள்ள சாலைக்கும் வீடுகளுக்கும் வந்து சேர்கிறது. பழத்துக்கு நல்ல விலை கிடைப்பது அங்கே ஊரின் பாதுகாப்பாகவும் இருக்கிறது.

அந்த வகைக்கு ஸ்ஃபுசாத்தோ என்று பெயர். நம் எலுமிச்சை சிறிதும் உருண்டையுமாக, மெல்லிய தோலுடன் இருக்கும் வேறு இனம். அது நீண்டு, முனை கூர்ந்து, தடித்த மணமுள்ள தோலும் குறைவான விதைகளும் உடையது. ஐரோப்பிய ஒன்றியத்தின் புவிசார் காப்பும் அதற்கு உண்டு. பிப்ரவரியிலிருந்து அக்டோபர் வரை அறுவடை நடக்கும்.

அமால்ஃபி, மினோரி, மயோரி ஊர்களில் விவசாயக் குடும்பங்களே தோட்டத்துக்குள் அழைத்துச் சென்று காட்டுகின்றன. கடையில் எலுமிச்சை மதுவைச் சுவைக்க வைப்பதோடு முடிக்கும் சுற்றுலா தங்களுக்கு வேண்டாம்; தோட்ட நடைக்கு ஒன்றரை மணி நேரமாவது தரும் நிரலைக் கேளுங்கள். படிகள் ஏராளம் என்பதால் பிடிப்புள்ள காலணி அணிந்து செல்லுங்கள். பந்தல் கட்டும் முறை, ஒட்டு வைக்கும் மரம், நீர் விடும் முறை ஆகியவற்றைத் தோட்டக்காரரிடமே கேளுங்கள். மகள் மொழிபெயர்த்து உதவட்டும்.

கன்றோ ஒட்டுக்குச்சியோ விதையோ பெட்டியில் வைத்துக் கொண்டுவர வேண்டாம். 2003ஆம் ஆண்டின் தாவரத் தொற்றுத்தடுப்பு ஆணைப்படி, முன்கூட்டிய இறக்குமதி அனுமதியும் அந்த நாட்டு அரசின் தாவர நலச் சான்றும் இல்லாமல் நடவுப் பொருள் எதையும் இந்தியாவுக்குள் எடுத்து வர முடியாது. இலையிலும் தண்டிலும் ஒட்டி வரும் ஒரு நோய், தங்கள் தோட்டத்தோடு சிறுமலை முழுவதற்கும் பரவக்கூடும். அந்த வகையை வளர்த்துப் பார்க்க விருப்பம் இருந்தால், பெரியகுளம் தோட்டக்கலைக் கல்லூரியில் பேசி, முறையாக அனுமதி பெறும் வழியைக் கேட்டுக்கொள்ளுங்கள்.