தோப்பையும் வங்கி விற்றுவிடுமா?

கேள்வி: எண்ணெய்ச் செக்கு போட வங்கியில் 18 லட்சம் கடன் வாங்கினேன். குடியிருக்கும் வீட்டின் ஆதாரமும் (கிரயப் பத்திரம்) ஒரு ஏக்கர் தென்னந்தோப்பின் ஆதாரமும் ஈடாக வங்கியில் இருக்கின்றன. மரங்களுக்கு நோய் வந்து காய்ப்பு குறைந்ததில் ஐந்து மாதமாகத் தவணை நின்றுபோனது. இப்போது 60 நாள் கெடு வைத்து நோட்டீஸ் வந்திருக்கிறது. கோர்ட்டுக்கே போகாமல் வங்கி விற்க முடியுமா? சித்தூர் முன்சிப் கோர்ட்டில் தடை வாங்கலாம் என்கிறார் பக்கத்து வீட்டுக்காரர்.
வாசகர், கொழிஞ்சாம்பாறை

பதில்: வீட்டைப் பொறுத்தவரை முடியும். 2002-இல் வந்த சர்ஃபாசி சட்டம் வங்கிக்கு அந்த அதிகாரத்தைக் கொடுத்திருக்கிறது. பக்கத்து வீட்டுக்காரர் சொல்வதைக் கேட்டு முன்சிப் கோர்ட்டுக்கு அலையாதீர்கள், இந்த விவகாரத்தில் தடை கொடுக்க சிவில் கோர்ட்டுக்கு அதிகாரமில்லை என்று அதே சட்டத்தின் 34-வது பிரிவு சொல்கிறது, அங்கே போனால் வக்கீல் பீஸும் போய்க் கெடுவும் முடிந்துவிடும்.

தோப்பு கதை வேறு. விவசாய நிலத்தை இந்தச் சட்டப்படி விற்கக் கூடாது, அது 31-வது பிரிவில் இருக்கிறது. ஆனால் வில்லேஜ் ஆபீஸ் பதிவில் தோட்டம் என்று இருந்தால் மட்டும் போதாது, அங்கே உண்மையிலேயே விவசாயம் நடக்க வேண்டும் என்பது உச்ச நீதிமன்றத்தின் நிலைப்பாடு. அதனால் கரம் (நிலவரி) கட்டிய ரசீது, தேங்காய் விற்ற பில், மரங்களோடு எடுத்த போட்டோ எல்லாவற்றையும் இப்போதே சேர்த்து வையுங்கள். தோப்பு அடியோடு தப்பித்தது என்று நினைத்துவிடவும் வேண்டாம், வங்கி வழக்குப் போட்டு டிக்ரி (கோர்ட்டின் தீர்ப்பாணை) வாங்கி அந்த வழியில் வரலாம்.

இந்த 60 நாளில் சும்மா இருப்பதுதான் எல்லாரும் செய்வது. எனக்கு வரும் கடிதங்களில் பாதிப்பேர் நோட்டீஸை வாங்காமல் திருப்பி அனுப்பிவிட்டு, ஜப்திக்கு ஆள் வந்த பிறகுதான் எழுதுகிறார்கள். நீங்கள் எழுத்தில் பதில் கொடுங்கள்: தோப்பு விவசாய நிலம், வட்டிக் கணக்கில் இன்னது தவறு, இத்தனை தவணையில் கட்டுகிறேன் என்று. வங்கி 15 நாளுக்குள் அதற்குக் காரணத்தோடு பதில் சொல்லியாக வேண்டும்.

அப்புறமும் வங்கி வீட்டைக் கையகப்படுத்தினால், அன்றிலிருந்து 45 நாளுக்குள் எர்ணாகுளத்தில் உள்ள கடன் மீட்புத் தீர்ப்பாயத்தில் மனுப் போடலாம். முன்பு இதற்கே கடனில் 75 சதவீதத்தைக் கட்டச் சொன்னார்கள், 2004-இல் உச்ச நீதிமன்றம் அதைச் செல்லாது என்று தள்ளிவிட்டது. கையகப்படுத்திய அறிவிப்பு இரண்டு பத்திரிகைகளில் வரும், ஒன்று உள்ளூர் மொழியில். உங்கள் பக்கம் அது பெரும்பாலும் மலையாளப் பத்திரிகையாகத்தான் இருக்கும், தமிழ்ப் பத்திரிகை மட்டும் வாங்குகிறவர் என்றால் மலையாளம் வாசிக்கத் தெரிந்த ஒருவரிடம் சொல்லி வையுங்கள். ஏல நாளில் பணத்தோடு போய் நின்றால் மீட்டுவிடலாம் என்பதும் பழைய நினைப்பு. 2016 திருத்தத்துக்குப் பிறகு, ஏல அறிவிப்பு வெளியாகும் முன்பே முழுப் பாக்கியையும் செலவையும் கட்டினால்தான் சட்டப்படி உரிமை.

கேள்வி: மச்சான் கடனுக்கு ஜாமீன் கையெழுத்துப் போட்டேன். முதலில் அவர் சொத்தை விற்றுவிட்டுத்தானே என்னிடம் வர வேண்டும்?
வாசகி, மறையூர்

பதில்: இல்லை. உங்கள் சொத்தையும் ஈடாகக் கொடுத்திருந்தால் நேராக உங்களிடமே வரலாம். வெறும் கையெழுத்து மட்டும் என்றால் இந்தச் சட்டத்தை வைத்து உங்கள் வீட்டைத் தொட முடியாது, தீர்ப்பாயத்திலோ கோர்ட்டிலோ வழக்குப் போட்டுத்தான் வர வேண்டும்.

கேள்வி: ஏலத்தில் கடனைவிட அதிகமாகப் போனால் மீதி யாருக்கு?
வாசகர், குமுளி

பதில்: கடனும் ஏலச் செலவும் போக மிச்சம் உங்களுக்குத்தான், அதே சொத்தின் மேல் வேறு கடன் இல்லையென்றால். எழுதிக் கேளுங்கள், கணக்கையும் சேர்த்து. குறைவாகப் போனால் பாக்கிக்கு வங்கி உங்கள் மேல் வழக்குப் போடலாம் என்பதையும் சொல்லிவிடுகிறேன்.